செலொஸ்தயா: பின்லாந்தில் விளையாட்டைச் சொல்லும் குரல்

ஐஸ் ஹாக்கி ஆட்டம் ஒன்றை டிவியில் ஒலியை முழுக்கக் குறைத்துவிட்டுப் பாருங்கள். பத்து நிமிடம் போதும். பனித்தளத்தின் நீளம் 60 மீட்டர். அதில் அடிபட்டு ஓடும் கறுப்பு ரப்பர் வில்லைக்குப் 'பக்' என்று பெயர், அதன் குறுக்களவு 7.62 சென்டிமீட்டர், கனம் 2.54 சென்டிமீட்டர். நல்ல அடி ஒன்றில் அது மணிக்கு 150 கிலோமீட்டரைத் தாண்டிப் பறக்கும். இரு பக்கமும் சேர்த்துப் பன்னிரண்டு பேர் தளத்தில் இருப்பார்கள். ஆட்டம் நிற்காமலேயே முக்கால் நிமிடத்துக்கு ஒருமுறை ஆள் மாறுவார்கள். புதிதாகப் பார்ப்பவருக்கு வண்ண உடைகள் மோதிக்கொள்வதுதான் தெரியும். கோல் விழுந்ததே வலைக்குப் பின்னால் சிவப்பு விளக்கு எரிந்த பிறகுதான் புரியும்.

இப்போது ஒலியைக் கூட்டுங்கள். ஒரு குரல் பெயர்களைச் சொல்லிக்கொண்டே போகிறது. பெயர், பெயர், ஒரு வினைச்சொல், மறுபடி பெயர். குரல் மெல்ல மேலே ஏறுகிறது. ஏதோ நடக்கப்போகிறது என்று நம் உடம்புக்குத் தெரிந்துவிடுகிறது. அந்தக் குரலுக்கு உரியவரைப் பின்லாந்தில் 'செலொஸ்தயா' என்பார்கள். நாம் நேர்முக வர்ணனையாளர் என்கிறோம். ஆனால் பின்னிஷ் சொல்லில் வர்ணம் எதுவும் இல்லை. 'செலொஸ்தா' என்றால் விளக்கிச் சொல், விவரமாக எடுத்துரை என்று பொருள். அழகுபடுத்துவது அவர் வேலை அல்ல என்பதை அந்த நாட்டு மொழியே சொல்லி வைத்திருக்கிறது. எனக்கு இந்தத் தொழில்மேல் பெரிய மதிப்பு வந்தது இந்தச் சொல்லைக் கற்ற பிறகுதான்.

விளையாட்டு நிகழ்ச்சியில் பேசுகிற எல்லாரையும் நாம் பொதுவாக ஒரே கூட்டமாக நினைத்துக்கொள்கிறோம். பின்லாந்தில் மூன்று வேலைகள், மூன்று பெயர்கள். ஆட்டம் நடக்கும்போது நடப்பதைச் சொல்பவர் செலொஸ்தயா. அவர் பக்கத்தில் அமர்ந்து, ஏன் நடந்தது என்று சொல்பவர் நிபுணர். பெரும்பாலும் முன்னாள் வீரர் அல்லது பயிற்சியாளர். ஸ்டுடியோவில் இருந்து நிகழ்ச்சியை நடத்துபவர் 'யுவொந்தயா', அதாவது தொகுப்பாளர். இந்தக் கடைசிச் சொல் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டியது. காட்டில் வெட்டிய மரங்களைச் சாலைவரை இழுத்து வருவதற்கும் பின்னிஷில் அதே வினைச்சொல்தான். நிகழ்ச்சியை நடத்துவது என்றால் அதை ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு இழுத்துப் போவது. பாதிக்கு மேல் காடாக இருக்கிற ஒரு நாட்டுக்குப் பொருத்தமான சொல்.

நிபுணர் எதற்கு என்று புரிய மிகா சாலோவை நினைத்துக்கொள்ளலாம். ஃபார்முலா 1 ஓட்டுநர், பிறகு பின்லாந்து டிவியில் பல வருடம் பந்தய நிபுணர். 1999இல் சில்வர்ஸ்டோன் பந்தயத்தில் மைக்கேல் ஷூமாக்கருக்குக் கால் முறிந்தது. ஃபெராரி அணி தற்காலிகமாகச் சாலோவை அழைத்தது. ஜெர்மனியின் ஹாக்கன்ஹைமில் அவர் முதலிடத்தில் போய்க்கொண்டிருந்தார். வாழ்க்கையின் முதல் வெற்றி கைக்கு எட்டும் தூரம். அப்போது அணியிலிருந்து உத்தரவு வந்தது: பட்டத்துக்குப் போட்டியிடும் எடி இர்வைனுக்கு வழிவிடு. வழிவிட்டார், இரண்டாவதாக வந்தார். பந்தயத்துக்குப் பிறகு இர்வைன் தன் கோப்பையைச் சாலோவுக்கே கொடுத்துவிட்டார். அதன் பிறகு சாலோ ஒரு ஃபார்முலா 1 பந்தயத்தையும் வெல்லவே இல்லை. இப்படிப்பட்ட ஒருவர் ஒலிவாங்கி முன் உட்கார்ந்திருக்கும்போது, இன்னொரு ஓட்டுநருக்கு "வழிவிடு" என்று உத்தரவு வந்தால், தலைக்கவசத்துக்குள் அந்த மனிதன் என்ன நினைப்பான் என்பதைச் சாலோ ஊகிக்க வேண்டியதில்லை. நிபுணர் இருக்கையின் மதிப்பு அதில்தான் இருக்கிறது.

சரி, செலொஸ்தயாவுக்குத் திரும்புவோம். இந்தத் தொழில் வானொலியில் பிறந்தது. பின்லாந்தின் பொது ஒலிபரப்பு நிறுவனம் யூலே 1926இல் தொடங்கியது. பத்து வருடம் கழித்து பெர்லின் ஒலிம்பிக்ஸ். 10,000 மீட்டர் ஓட்டத்தில் சால்மினென், அஸ்கொலா, இசொ-ஹொல்லோ என்று முதல் மூன்று இடமும் பின்லாந்துக்கு. ஜப்பானின் முரக்கோசோ நெடுந்தூரம் முன்னால் ஓடி, கடைசியில் நான்காவதாகப் போனார். இதை வானொலியில் சொன்னவர் மார்த்தி யுக்கொலா. கேட்டுக்கொண்டிருந்தவர்களிடம் படம் கிடையாது. யார் எங்கே ஓடுகிறார், எத்தனை சுற்று மிச்சம், இடைவெளி கூடுகிறதா குறைகிறதா, எல்லாம் ஒரே மனிதனின் வாயிலிருந்து வர வேண்டும். அவர் ஒரு சுற்றைத் தவறாக எண்ணிவிட்டால் ஒரு நாடே தவறாக எண்ணிவிடும்.

டிவி வந்த பிறகும் சிக்கல் குறையவில்லை, வடிவம் மாறியது. யூலேயின் வழக்கமான தொலைக்காட்சி ஒளிபரப்பு 1958இல் தொடங்கியது. வானொலியில் எல்லாவற்றையும் சொல்ல வேண்டும். டிவியில் எதைச் சொல்லாமல் விடுவது என்று தெரிய வேண்டும். "அவர் ஓடுகிறார்" என்றால் பார்ப்பவருக்கு எரிச்சல்தான் வரும், அவருக்குத்தான் கண் இருக்கிறதே.

1972 மியூனிக் ஒலிம்பிக்ஸின் 10,000 மீட்டரை எடுத்துக்கொள்ளுங்கள். 25 சுற்று. பன்னிரண்டாவது சுற்றில் பின்லாந்தின் லாஸ்ஸே வீரென் தடுக்கி விழுகிறார். அவர்மேல் துனீசியாவின் கம்மூதியும் விழுகிறார். கம்மூதி எழுந்து கொஞ்ச தூரம் ஓடிவிட்டு விலகிக்கொள்கிறார். வீரென் எழுந்தார், கூட்டத்தை எட்டிப் பிடித்தார், கடைசியில் எல்லாரையும் தாண்டி 27 நிமிடம் 38.4 விநாடியில் உலக சாதனையோடு வென்றார். இன்று நமக்கு முடிவு தெரியும், அதனால் கதை சுகமாக இருக்கிறது. அந்த விநாடியில் ஒலிவாங்கி முன் இருந்தவரின் நிலையை நினைத்துப் பாருங்கள். ஒரு நாட்டின் நம்பிக்கை தரையில் கிடக்கிறது. "முடிந்தது" என்று சொல்வதா? "எழுந்துவிட்டார்" என்பதா? எத்தனை மீட்டர் பின்தங்கினார் என்று கணக்குச் சொல்வதா? யோசிக்க நேரம் ஒரு மூச்சு அளவுதான். இந்த ஒரு மூச்சுக்காகத்தான் ஒரு செலொஸ்தயா வருடக்கணக்கில் தயாராகிறார் என்பது என் எண்ணம்.

பனிச்சறுக்கு ஓட்டத்தில் இன்னொரு வகைச் சிரமம் இருக்கிறது. இது பலருக்குத் தெரியாதது. பாரம்பரியமான 15 கிலோமீட்டர் ஓட்டத்தில் வீரர்கள் ஒன்றாகக் கிளம்புவதில்லை. அரை நிமிட இடைவெளியில் ஒவ்வொருவராகக் கிளம்புவார்கள். முன்னால் போகிறவர் வெல்கிறார் என்று சொல்ல முடியாது. உண்மையான போட்டி கண்ணுக்குத் தெரியாது, அது கடிகாரத்தில் நடக்கிறது. வழியில் சில இடங்களில் நேரத்தைக் குறிப்பார்கள். அதற்குப் பின்னிஷில் 'இடைநேரம்' என்று பொருள்படும் சொல் உண்டு. செலொஸ்தயா இந்த இடைநேரங்களைச் சொல்லச் சொல்ல, வீட்டில் இருப்பவர்கள் காகிதமும் பென்சிலும் வைத்துக்கொண்டு குறித்துக் கழித்துப் பார்ப்பார்கள். இப்படி உட்கார்ந்த இடத்தில் விளையாட்டில் மூழ்குபவரைப் பின்லாந்தில் 'பெஞ்சு விளையாட்டு வீரர்' என்று சொல்வார்கள். கேலி கொஞ்சம் கலந்த சொல்தான், ஆனால் பெருமையோடு தன்னைத் தானே அப்படிச் சொல்லிக்கொள்பவர்கள் ஏராளம். ஸ்டேடியத்தில் இருப்பவரைவிட வானொலிப் பெட்டி முன் பென்சிலோடு இருப்பவருக்குத்தான் பந்தயம் நன்றாகத் தெரியும்.

அந்த ஓட்டங்களில் தப்பிப்போன நொடிகளுக்குப் பெயர் பெற்றவர் யூஹா மியெத்தோ. 196 சென்டிமீட்டர் உயரம், அடர்ந்த தாடி. 1972இல் சப்போரோ குளிர்கால ஒலிம்பிக்ஸில் ஒரு விநாடியில் நூற்றில் ஆறு பங்கில் வெண்கலத்தை இழந்தார். 1980இல் லேக் பிளாசிட் குளிர்கால ஒலிம்பிக்ஸில் 15 கிலோமீட்டர் ஓடி முடித்த பிறகு, ஸ்வீடனின் தாமஸ் வாஸ்பெர்யுக்கும் அவருக்கும் இருந்த வித்தியாசம் ஒரு விநாடியில் நூற்றில் ஒரு பங்கு. தங்கம் வாஸ்பெர்யுக்கு. அதற்குப் பிறகு இந்த விளையாட்டில் நேரத்தைப் பத்தில் ஒரு பங்குக்குச் சுருக்கிக் கணக்கிடத் தொடங்கிவிட்டார்கள். மியெத்தோ பிற்காலத்தில் நாடாளுமன்ற உறுப்பினராகவும் ஆனார். தோற்ற ஒரு ஓட்டத்தால் ஒருவர் இவ்வளவு நேசிக்கப்பட்டதற்கு, அந்தத் தோல்வியை இலக்கம் இலக்கமாகக் கேட்டவர்கள் அத்தனை பேர் இருந்ததும் ஒரு காரணம்.

இப்போது இந்தத் தொழிலின் மிகப் பிரபலமான பெயருக்கு வரலாம். அந்தெரொ மெர்தரந்தா. 1956இல் பிறந்தவர். ஐஸ் ஹாக்கியின் குரல் என்றால் பின்லாந்தில் இவர்தான். நீண்ட காலம் யூலேயில் இருந்தார், பிறகு எம்டிவியில். இது நமக்குத் தெரிந்த பாட்டு சேனல் அல்ல, 1957இல் தொடங்கிய பின்லாந்தின் தனியார் தொலைக்காட்சி. இவர் பெயரைச் சொன்னதும் பின்லாந்துக்காரர்கள் மூன்று சொற்களைச் சொல்வார்கள்: "இஹனா, லெய்யொனத், இஹனா!" லெய்யொனத் என்றால் சிங்கங்கள், தேசிய அணியின் செல்லப்பெயர். "அருமை, சிங்கங்களே, அருமை!" அவ்வளவுதான் பொருள். காகிதத்தில் பார்த்தால் ஒன்றுமே இல்லை. அந்த 'னா'வை அவர் இழுக்கிற இழுப்பில்தான் எல்லாம் இருக்கிறது.

இந்த இழுப்பைப் பற்றி ஒரு சின்ன மொழிப் பாடம். தமிழ் தெரிந்தவர்களுக்கு இது எளிதில் பிடிபடும். பின்னிஷிலும் குறில் நெடில் உண்டு, மெய்யெழுத்து இரட்டித்தால் பொருள் மாறும். துலி என்றால் தீ, தூலி என்றால் காற்று, துல்லி என்றால் சுங்கம். ஓர் எழுத்தின் நீளம் மாறினால் தீ காற்றாகிவிடும். இப்படிப்பட்ட மொழியில் ஒலியின் நீளத்துக்குப் பழகிய காதுகள், குரல் வழக்கத்தைவிடக் கொஞ்சம் நீண்டாலே கவனித்துவிடும். அழுத்தமும் எப்போதும் சொல்லின் முதல் அசையில்தான் விழும். அதனால் வேகமாகப் பெயர்களைச் சொல்லும்போது பறை அடிப்பது போல ஒரு தாளம் தானாக வந்துவிடுகிறது. பின்னிஷ் புரியாமல் முதன்முதலில் கேட்ட எனக்கே ஆட்டம் எங்கே சூடு பிடிக்கிறது என்று புரிந்தது.

மெர்தரந்தாவின் குரல் ஏன் இவ்வளவு ஆழமாகப் பதிந்தது என்று புரிய, அதற்கு முந்தைய தோல்விகளைத் தெரிந்துகொள்ள வேண்டும். 1986 மாஸ்கோ உலகப் போட்டியில் ஸ்வீடனுக்கு எதிராகப் பின்லாந்து 4-2 என்று முன்னால் இருந்தது. கடைசி ஒரு நிமிடத்துக்குள் ஆண்டெர்ஸ் கார்ல்ஸன் இரண்டு கோல் போட்டு ஆட்டத்தைச் சமன் செய்தார். 1988இல் கால்கரி ஒலிம்பிக்ஸில் வெள்ளி. 1992இல் உலகப் போட்டியில் வெள்ளி. 1994இல் மிலானில் கனடாவிடம் பெனால்ட்டி ஷாட்டுகளில் தோற்று மறுபடி வெள்ளி. பக்கத்து வீடான ஸ்வீடன் வென்றுகொண்டே இருக்க, கதவைத் தட்டிவிட்டுத் திரும்பி வருவதே வழக்கமாகிவிட்டது.

அப்புறம் 1995 உலகப் போட்டி. இறுதி ஆட்டம் ஸ்டாக்ஹோமில், எதிரணி ஸ்வீடன், அரங்கு அவர்களுடையது. பின்லாந்தின் பயிற்சியாளர் கர்ட் லிண்ட்ஸ்ட்ரோமும் ஸ்வீடன்காரர். தங்கள் அணிக்காக ஸ்வீடன்காரர்கள் ஒரு வெற்றிப் பாட்டையே தயாராக வைத்திருந்தார்கள். ஆட்டம் 4-1 என்று பின்லாந்துக்கு. வில்லே பெல்தொனென் மூன்று கோல், தீமோ யுத்திலா ஒன்று. சாக்கு கொய்வு, யேரெ லெஹ்தினென், பெல்தொனென் மூவரும் விளையாடிய முன்வரிசைக்கு டொனால்ட் டக் கதையில் வரும் அவருடைய சகோதரி மகன்கள் மூவரின் பெயரை வைத்திருந்தார்கள். ஹெல்சிங்கி சந்தைச் சதுக்கம் மக்களால் நிரம்பியது. அந்த ஸ்வீடன் பாட்டையும் பின்லாந்துக்காரர்கள் எடுத்துத் தங்கள் வெற்றிப் பாட்டாக்கிக்கொண்டார்கள். அந்த இறுதி ஆட்டத்தைச் சொன்ன குரல் மெர்தரந்தாவுடையது, பக்கத்தில் நிபுணராக யுஹானி தம்மினென். தம்மினென் வெறும் விமர்சகர் அல்ல. எழுபதுகளில் அமெரிக்காவின் கிளீவ்லாண்ட், ஃபீனிக்ஸ் அணிகளில் ஆடியவர், பிறகு பயிற்சியாளர். ஒருவர் உணர்ச்சியை ஏந்த, மற்றவர் அறிவை ஏந்தும் இணை.

நல்ல நாளில் கத்துவது யாராலும் முடியும் என்று தோன்றலாம். அப்படியானால் 2003 உலகப் போட்டியின் கால் இறுதியை நினைக்க வேண்டும். ஹெல்சிங்கியில், சொந்த மக்கள் முன், ஸ்வீடனுக்கு எதிராகப் பின்லாந்து 5-1 என்று முன்னால் இருந்தது. 6-5 என்று தோற்றது. இப்படி ஒரு சரிவில் வர்ணனைப் பெட்டியில் இருப்பவர் எழுந்து போக முடியாது, அழ முடியாது, எதிரணி போடும் ஒவ்வொரு கோலையும் போட்டவர் பெயரோடு ஒழுங்காகச் சொல்ல வேண்டும். தோல்வியைச் சரியாகச் சொல்லத் தெரிந்த குரலைத்தான் வெற்றி நாளில் மக்கள் நம்புவார்கள்.

2011இல் பிராத்திஸ்லாவா உலகப் போட்டியில், ரஷ்யாவுக்கு எதிரான அரை இறுதியில், 19 வயது மிகாயெல் கிரான்லுண்ட் கோல் வலைக்குப் பின்னால் பக்கை மட்டையின் தட்டையில் அள்ளித் தூக்கி, வளைந்து வந்து, மேல் மூலையில் செருகினார். கரண்டியில் மாவு அள்ளுவது போல. இதற்குப் பின்னிஷில் 'காற்றுச் சுழற்று' என்று பொருள்படும் பெயர் நிலைத்துவிட்டது. அந்த கோல் அஞ்சல்தலையாகவும் வந்தது. ஆட்டத்தை 3-0 என்று வென்று, இறுதியில் ஸ்வீடனை 6-1 என்று வீழ்த்தினார்கள். கிரான்லுண்ட் செய்தது அடிக்கடி பார்க்கக் கிடைக்கும் கோல் அல்ல. பழக்கப்பட்ட ஒரு கோலுக்குச் சொல் நாக்கிலேயே இருக்கும். பார்த்திராத ஒன்று நடக்கும்போது, சொல்லுக்கு முன்னால் வியப்பு வெளியே வர வேண்டும். அந்த ஒலிப்பதிவு கிடைத்தால் முதலில் கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள், பிறகு படத்தோடு பாருங்கள். குரல் எங்கே உடைகிறது என்று கவனியுங்கள்.

2019 உலகப் போட்டியில் வேறு மாதிரி. பெரிய நட்சத்திரங்கள் இல்லாத அணி. தலைவர் மார்க்கொ அந்த்திலா, 203 சென்டிமீட்டர் உயரம், செல்லப்பெயர் 'மோர்கோ'. நம் ஊர்ப் பூச்சாண்டிதான். கால் இறுதியில் ஸ்வீடனுக்கு எதிராகக் கடைசி நேரத்தில் சமன் செய்த கோல் அவருடையது. அரை இறுதியில் ரஷ்யாவுக்கு எதிரான ஒரே கோலும் அவருடையது. இறுதியில் கனடாவை 3-1 என்று வென்றபோது அதில் இரண்டு கோல் அவருடையது. சின்னக் குழந்தைகள் கை கோத்து வட்டமாகச் சுற்றி விளையாடும்போது பாடும் ஒரு வரி பின்லாந்தில் உண்டு: பூச்சாண்டி வட்டத்துக்குள் போய்விட்டான் என்று. மெர்தரந்தா அதை அந்த்திலாவுக்காக ஒலிவாங்கியில் சொன்னார். எழுதி வைத்துச் சொல்லும் வசனம் இப்படி ஒட்டாது. அந்த நாட்டில் எல்லாருக்கும் மூன்று வயதிலேயே தெரிந்த வரி அது.

எல்லாருக்கும் அவர் பாணி பிடிக்கும் என்று சொல்லிவிட முடியாது. கத்தல் அதிகம், நாட்டுப்பற்று அதிகம் என்பவர்கள் உண்டு. இது நியாயமான விவாதம்தான். உள்ளூர்க் குழுக்கள் மோதும் ஆட்டத்தில் செலொஸ்தயா ஒரு பக்கம் சாய்ந்தால் அது தவறு. தேசிய அணி ஆடும்போது பார்ப்பவர்கள் எல்லாரும் ஒரே பக்கம் என்பதால் விதி தளர்கிறது. எவ்வளவு தளரலாம் என்பதில்தான் கருத்து வேறுபாடு. என் பங்குக்குச் சொன்னால், எதிரணி ஆட்டக்காரரின் பெயரை மரியாதையோடு, சரியான உச்சரிப்பில் சொல்லும்வரை ஒருவர் எவ்வளவு மகிழ்ந்தாலும் எனக்கு ஏற்புதான்.

இந்த வேலைக்கு எப்படித் தயாராகிறார்கள்? பெரும்பகுதி யாரும் பார்க்காத உழைப்பு. இரு அணிகளின் இருபது, இருபத்திரண்டு பேரின் எண்களும் பெயர்களும் மனப்பாடம். எண் மறைந்தால் சறுக்கும் நடையை வைத்தே ஆளை அடையாளம் காணும் பழக்கம். விதிகளின் சொற்களும் கைவசம் இருக்க வேண்டும். தண்டனையாக இரண்டு நிமிடம் வெளியே உட்காருவதற்குப் பின்னிஷில் 'குளிர்வது' என்று பொருள் தரும் சொல், எதிரணியில் ஆள் குறைந்திருக்கும் நேரத்துக்கு 'மேல்வலிமை'. அதற்கு மேல் ஒளிபரப்பு உரிமை என்ற ஒன்று இருக்கிறது. உலகப் போட்டியின் உரிமையை எந்த நிறுவனம் வாங்குகிறதோ அதன் குரல்தான் அந்த வருடம் வீட்டுக்குள் வரும். உரிமை கை மாறினால் குரலும் மாறலாம், அல்லது குரல் நிறுவனம் மாறலாம்.

பின்லாந்தின் மக்கள்தொகை ஏறக்குறைய 56 லட்சம். உலகத்தில் எத்தனையோ மொழிகளில் ஐஸ் ஹாக்கியைச் சொல்கிறார்கள், ஆனால் பின்னிஷில் சொல்ல அவர்களைத் தவிர யாரும் இல்லை. 2022இல் பெய்ஜிங்கில் ரஷ்ய அணியை 2-1 என்று வென்று முதல் ஒலிம்பிக் ஹாக்கித் தங்கம் வந்தது. சில மாதம் கழித்து, மே மாதத்தில், தம்பெரே நகரின் புது அரங்கில் கனடாவுக்கு எதிராகக் கூடுதல் நேரத்தில் சகரி மன்னினென் கோல் போட, 4-3 என்று உலகப் பட்டமும் வந்தது. புதிதாகக் கேட்கத் தொடங்குபவர்கள் அந்தத் தம்பெரே ஆட்டத்திலிருந்து தொடங்கலாம். பெயர்கள் அதிகம் தெரிய வேண்டாம். 'மன்னினென்' என்ற ஒன்றை மட்டும் காதில் வைத்துக்கொண்டு, கூடுதல் நேரம் தொடங்கும் இடத்திலிருந்து கேளுங்கள்.